மொண்டிசோரி அம்மையார்: கைவிடப்பட்ட குழந்தைகளின் ஆசிரியை

புத்தளத்திலிருந்து கற்பிட்டி நோக்கிச் செல்லும் நெடுவழியில், ஒரு புறம் களப்பும் மறு புறம் பெருங்கடலும் கிடக்க, இடைப்பட்ட நிலக்கீற்றிலே தென்னந்தோப்புகளும் தோட்டங்களும் மீனவர் குடியிருப்புகளும் நிரைநிரையாகத் தோன்றும். இவ்வூர்களுட் பலவற்றில், வண்ணச் சித்திரம் தீட்டிய சுவரும் சிறிய ஊஞ்சலும் உடைய பாலர் பாடசாலை ஒன்றினைக் காணலாம். அதனை நம் தாய்மார் மொண்டிசோரி என்றே வழங்குவர். பிள்ளையை மொண்டிசோரிக்கு அனுப்பிவிட்டோம் என்பது வீட்டுப் பேச்சிலே கலந்துவிட்ட தொடர். அச்சொல் ஒரு மாதரசியின் குடும்பப் பெயர் என்பதை அறிந்தார் சிலர். அவர் தம் கல்விப் பணியை எத்தகைய குழந்தைகளிடத்துத் தொடங்கினார் என்பதை அறிந்தார் அவரினும் சிலர்.

சென்ற ஆண்டு தாயார் ஒருவர் என் இல்லம் நாடி வந்தார். அவருடைய மகனுக்கு வயது நான்கு. பெயர் சொல்லி அழைத்தால் திரும்பான். வாய் திறந்து பேசான். கையிற் கிடைத்த சிரட்டைகளை வரிசையாக அடுக்குவதும் கலைப்பதுமாகவே பொழுது போக்குவான். அவனை அழைத்துக்கொண்டு மூன்று பாலர் பாடசாலைகளின் படியேறி இறங்கியிருந்தார் அத்தாய். மூன்றிலும் பிள்ளையை ஏற்க மறுத்துவிட்டனர். ஏனைய பெற்றார் விரும்பமாட்டார்கள் என்பதே கூறப்பட்ட காரணம். அம்மூன்று பாடசாலைகளின் பெயர்ப்பலகைகளிலும் மொண்டிசோரி என்னும் பெயர் எழுதப்பட்டிருந்தது. அன்று தொட்டு, அப்பெயருக்குரியவரின் வரலாற்றை நம் ஆசிரிய உலகிற்கு ஒருமுறை எடுத்துரைத்தல் கடன் என்னும் எண்ணம் என் உள்ளத்தை விட்டு அகலவில்லை. அக்கடனைத் தீர்க்கும் சிறு முயற்சியே இக்கட்டுரை.

இளமையும் கல்வியும்

மரியா மொண்டிசோரி 1870 ஆம் ஆண்டு ஆகஸ்டு மாதம் 31 ஆம் நாள், இத்தாலி தேசத்து அங்கோனா மாகாணத்திலுள்ள கியாரவல்லே என்னும் சிற்றூரிற் பிறந்தார். தந்தையார் அலெசாந்திரோ மொண்டிசோரி அரசாங்க உத்தியோகத்தர். தாயார் ரெனில்டே ஸ்டொப்பானி நூற்பயிற்சி மிக்கவர். பெற்றார்க்கு மரியா ஒரே புதல்வி. தந்தையாரின் உத்தியோக மாற்றங் காரணமாகக் குடும்பம் 1875 ஆம் ஆண்டளவில் உரோமாபுரியிற் குடியேறிற்று.

அக்காலத்தில் இத்தாலியிற் பெண்மக்கள் கல்வி கற்று எய்தக்கூடிய பெரும் பதவி ஆசிரியத் தொழிலாகவே கருதப்பட்டது. இளமையில் மரியாவோ அதனை விரும்பினாரல்லர். ஆண்பிள்ளைகள் பயிலும் தொழினுட்பப் பாடசாலையிற் சேர்ந்து, பொறியியலராகும் நாட்டத்துடன் கணிதங் கற்றார். பின்னர் அவர் மனம் மருத்துவத்தின்பாற் சென்றது. தந்தையார் உடன்பட்டிலர்; தாயாரோ மகளின் பக்கம் நின்றார். 1890 ஆம் ஆண்டில் உரோமாபுரிச் சர்வகலாசாலையில் இயற்கை விஞ்ஞானம் பயிலத் தொடங்கி, அதன் பின் மருத்துவத் துறையினுட் புகுந்தார். ஆடவர் நிறைந்த வகுப்பிலே அவர் பட்ட இடர்கள் பல. மாணவரோடு ஒருங்கிருந்து உடலங்களை அறுத்தாராய்தல் பெண்ணுக்கு ஒவ்வாது என்று விலக்கப்பட்டமையால், ஏனையோர் சென்ற பின்னர், மாலைப் பொழுதிலே, பிணவறையில் தன்னந்தனியராக அப்பாடத்தைப் பயின்றார். 1896 ஆம் ஆண்டு ஜூலை மாதத்தில் மருத்துவப் பட்டம் பெற்று, இத்தாலியின் முதற் பெண் மருத்துவர்களுள் ஒருவராயினார். ஆசிரியத் தொழில் வேண்டா என்று ஒதுங்கியவர், பின்னர் உலகெங்குமுள்ள ஆசிரியர்க்கு ஆசிரியராக விளங்கினமை வியத்தற்குரியது.

புகலிடத்துக் குழந்தைகள்

பட்டம் பெற்ற மருத்துவர் உரோமாபுரிச் சர்வகலாசாலையைச் சார்ந்த உளநோய் மருத்துவப் பகுதியில் உதவியாளராக அமர்ந்தார். அப்பகுதியில் ஆராய்ந்து பார்த்தற்குரிய நோயாளரைத் தெரிந்தெடுக்கும் பொருட்டு, நகரத்துச் சித்தசுவாதீனமற்றோர் புகலிடங்களுக்கு அடிக்கடி செல்லுதல் அவர் கடமையாயிற்று. ஆங்கே அவர் கண்ட காட்சி அவர் வாழ்க்கையின் போக்கையே மாற்றியது. பேச்சு வளராதவர், அறிவு வளர்ச்சி குன்றியவர், கட்டுக்கடங்காதவர் என்று ஒதுக்கப்பட்ட சிறுவர் சிறுமியர், வளர்ந்த நோயாளரோடு ஒன்றாக அடைக்கப்பட்டிருந்தனர். ஊனமுற்ற அறிவினர் என்னும் ஒரே பெயர் அவர் அனைவர்க்கும் சூட்டப்பட்டிருந்தது. அவர்க்கு உணவு உண்டு, கூரை உண்டு; கல்வி இல்லை, விளையாட்டு இல்லை, தொட்டுப் பார்ப்பதற்கு ஒரு பொருளுமில்லை.

ஒரு நாள் நிகழ்ந்ததொன்றை அவர் வரலாறு எழுதினோர் குறிப்பிடுவர். உணவு முடிந்த பின்னர் அக்குழந்தைகள் தரையில் விழுந்து, சிந்திய அப்பத் துணுக்குகளை நாடி ஊர்ந்தனர். காவற்காரி அதனைப் பெருந்தீனியின் செயலென்று அருவருத்தாள். மருத்துவரோ சுற்றுமுற்றும் நோக்கினார். அவ்வெறுமையான அறையிலே, அத்துணுக்குகளையன்றிக் கையாற் பற்றத்தக்க பொருள் வேறு யாதொன்றும் இருக்கவில்லை. குழந்தைகள் நாடியது உணவையன்று, கைக்கு ஒரு வேலையை. வயிற்றுப் பசியன்று, அறிவுப் பசியே அவர்களை ஊர்ந்து செல்லச் செய்தது என்பதை அவர் உணர்ந்தார். காவற்காரியும் மருத்துவரும் நோக்கியது ஒரே காட்சியை. ஒருவர் குற்றங் கண்டார். மற்றவர் தேவை கண்டார். அம்மையாரின் பணி முழுவதற்கும் வித்து அந்நோக்கேயாகும்.

முன்னோர் நூல்களைத் தேடுதல்

இத்தகைய குழந்தைகளுக்குக் கற்பிக்க எவரேனும் முயன்றதுண்டா என்று அவர் தேடலானார். பிரான்சு தேசத்து மருத்துவர் இருவரின் நூல்கள் அகப்பட்டன. ஒருவர் இத்தார், காட்டிலே தனித்துத் திரிந்து 1800 ஆம் ஆண்டில் மனிதர் வசமான அவேரன் சிறுவனை ஏற்று, ஆண்டுக் கணக்காகக் கற்பிக்க முயன்றவர். மற்றவர் அவருடைய மாணாக்கர் செகான். அறிவு வளர்ச்சி குன்றிய சிறுவர்க்கெனப் பாரிஸ் நகரிற் பாடசாலை நடத்தி, பின்னர் அமெரிக்கா சென்று அப்பணியைத் தொடர்ந்தவர். கண்ணும் செவியும் கையும் முதலிற் பயிற்சி பெறல் வேண்டும். அவற்றின் வழியே அறிவு விழிப்படையும் என்பது இவ்விருவர் கொள்கை. உலகம் இந்நூல்களைப் பெரும்பாலும் மறந்திருந்தது. அம்மையார் அவற்றைத் தம் கைப்பட இத்தாலிய மொழியில் எழுதி எழுதிக் கற்றார். பொருள் நன்கு பதியும்வண்ணம், துறவிகள் ஏடு எழுதுமாப்போலச் சொற்சொல்லாக எழுதினார். ஏடு பெயர்த்தெழுதி இலக்கணங் கற்ற நம் பழைய மாணாக்கர் மரபினை இஃது எமக்கு நினைவூட்டுகின்றது.

1898 ஆம் ஆண்டில் துரின் நகரிற் கூடிய கல்வி மகாநாட்டில் அம்மையார் பேசினார். அறிவு வளர்ச்சி குன்றிய பிள்ளைகளின் பிரச்சினை முதன்மையாக மருத்துவப் பிரச்சினையன்று, கல்விப் பிரச்சினையே என்பது அவர் நிலைநாட்டிய கருத்து. அவர்தாமே மருத்துவர் என்பதை நினைவிற் கொள்ளுதல் வேண்டும். மருந்தை அவர் இகழ்ந்தாரல்லர். மருந்து கொடுக்கும் கையோடு கற்பிக்கும் கையும் சேர வேண்டும் என்றே வற்புறுத்தினார். மருத்துவர் வசம் விட்டு ஆசிரியர் கைகழுவவும், ஆசிரியர் வசம் விட்டு மருத்துவர் ஒதுங்கவும் கண்டு பழகியிருந்த அம்மகாநாட்டார்க்கு அது புதுமையாக இருந்தது.

1900 ஆம் ஆண்டில் உரோமாபுரியில் இத்தகைய பிள்ளைகளுக்குக் கற்பிக்கும் ஆசிரியரைப் பயிற்றுவதற்கென ஒரு கலாசாலையும், அதனுடன் இணைந்த மாதிரி வகுப்பும் தோன்றின. அம்மையாரும் யூசெப்பே மொண்டெசானோ என்னும் மருத்துவரும் அதன் இணை அதிபராயினர். புகலிடங்களிலிருந்தும் பாடசாலைகளிலிருந்தும் கற்பிக்க இயலாதவர் என்று தள்ளப்பட்ட பிள்ளைகள் அங்கு வந்து சேர்ந்தனர். காலை முதல் இரவு வரை அம்மையார் அவர்களோடு இருந்தார். இரவிலே அன்று கண்டவற்றைக் குறித்து வைத்து, அவற்றை ஒப்புநோக்கி, மறுநாளுக்குரிய கருவிகளை ஆயத்தஞ் செய்தார்.

அவர் கண்ட உண்மைகளுள் ஒன்றை இங்கு விரித்துக் கூறல் தகும். பதினொரு வயதுச் சிறுமி ஒருத்திக்குத் தையல் வரவில்லை. கையில் வலிமை உண்டு. ஆயினும் ஊசியை மேலுங் கீழுமாகச் செலுத்தி இழை பின்னும் முறை எத்துணை காட்டியும் அவளுக்குப் பிடிபடவில்லை. அம்மையார் தையலை நிறுத்தினார். காகிதக் கீற்றுகளை ஒன்றன் மேலும் ஒன்றன் கீழுமாகச் செருகிப் பின்னும் சிறு பாயினை அவள் கையிற் கொடுத்தார். சிறுமி அதிற் பெரிதும் ஈடுபட்டாள். சில காலங் கழித்து ஊசியை மீண்டும் கொடுத்தபோது, இழை தானே ஒழுங்காக ஓடிற்று. ஒரு செயலைச் செய்விக்குமுன் அச்செயலுக்கு வேண்டும் அசைவை வேறொரு வழியாற் பயிற்றுதல் வேண்டும் என்னும் விதியை இதனால் அவர் வகுத்தார். கிடுகு பின்னும் கைகளை நாள்தோறும் காணும் நம் கரையோரத்து ஆசிரியர்க்கு இவ்விதி எளிதில் விளங்கும். பிள்ளைக்கு வரவில்லை என்று நாம் கூறுமிடத்து, வருதற்குரிய படியை நாம் அமைக்கவில்லை என்பதே பெரும்பாலும் உண்மை.

மரத்திற் செய்த எழுத்துகளை விரலால் தடவித் தடவி அப்பிள்ளைகள் எழுதக் கற்றனர். அவருட் சிலர், சாதாரண பிள்ளைகளுக்குரிய பொதுப் பரீட்சையிலே அவர்களோடு அமர்ந்து, எழுத்திலும் வாசிப்பிலும் தேறினர். நகரம் அதனை அற்புதமென்று போற்றியது. அம்மையாரின் சிந்தையோ வேறு வழிச் சென்றது. குறைபாடுடைய பிள்ளைகள் தக்க கல்வியால் இவ்வளவு உயர முடியுமாயின், குறைபாடு யாதுமற்ற பிள்ளைகள் அவ்வளவோடு நிற்பது யாது காரணத்தால் என்று அவர் தம்மைத்தாமே வினவினார். உலகெங்கும் பரவிய மொண்டிசோரி முறை இவ்வினாவின் விடையாகப் பிறந்ததே. செல்வர் வீட்டுப் பிள்ளைகளுக்கென்று வகுத்த முறை பின்னர் ஏழைகளுக்கும் குறையுடையோர்க்கும் இரங்கி ஈந்ததன்று. ஒதுக்கப்பட்ட பிள்ளைகளிடமிருந்து ஏனைய உலகம் இரந்து பெற்றதே அம்முறை.

தாயின் துயர்

இவ்விடத்து அவர் வாழ்வின் ஒரு துயரையும் மறையாது கூறுதல் வேண்டும். 1898 ஆம் ஆண்டு மார்ச்சு மாதம் 31 ஆம் நாள் அவர்க்கும் மொண்டெசானோவுக்கும் மாரியோ என்னும் மகன் பிறந்தான். அவ்விருவரும் மணஞ் செய்துகொண்டாரல்லர். மணமாகாத தாய்க்கு அக்காலச் சமூகத்தில் இடமில்லை. மணமான பெண்ணுக்கோ உத்தியோக வாழ்வில் இடமில்லை. குழந்தை நாட்டுப்புறத்திலே செவிலி ஒருத்தியிடம் வளர்க்கப்பட்டான். 1901 ஆம் ஆண்டில் மொண்டெசானோ வேறொரு பெண்ணை மணந்தார். அம்மையார் அக்கலாசாலையை விட்டு நீங்கினார். மாரியோ பதினைந்து வயதை அணுகும் வரை தாயோடு வாழும் பேறு பெற்றிலன். அதன் பின்னர் தாயை விட்டுப் பிரியாது, அவர் பணிக்கு வலக்கையாக நின்றான். பிறர் குழந்தைகளின் மௌனத்தைக் கேட்டறிந்த ஒருவர், தம் குழந்தையின் குரலைத் தொலைவில் விட்டு வாழ்ந்தார் என்பதை எண்ணுமிடத்து நம் நெஞ்சம் கனிகின்றது.

கலாசாலையை நீங்கியவர் சோர்ந்திருந்தாரல்லர். மீண்டும் மாணாக்கராகித் தத்துவமும் உளவியலும் கற்றார். 1904 ஆம் ஆண்டு முதற் சர்வகலாசாலையில் மானிடவியல் விரிவுரை நிகழ்த்தினார். அக்கால விஞ்ஞானத்தைப் பின்பற்றித் தலையின் அளவைகளால் அறிவினை ஆராயும் முயற்சியிலும் அவர் ஈடுபட்டதுண்டு. பிற்கால ஆராய்ச்சி அதனைப் பிழையென்று தள்ளிவிட்டது. பெரியோரும் தம் காலத்தின் பிழைகளுக்கு முற்றும் புறம்பானவர் அல்லர். அவர் அளந்த அளவைகள் மறைந்தன. அவர் பிள்ளைகளை நோக்கிய நோக்கு நிலைத்தது.

சான் லொரென்சோவும் மெசினாவும்

1907 ஆம் ஆண்டு சனவரி 6 ஆம் நாள், உரோமாபுரியின் வறிய பகுதியாகிய சான் லொரென்சோவில், முதலாவது குழந்தைகள் இல்லம் அம்மையார் பொறுப்பில் திறக்கப்பட்டது. தாயும் தந்தையும் கூலி வேலைக்குச் செல்ல, கவனிப்பாரின்றிச் சுவர்களைக் கிறுக்கியும் படிகளைச் சிதைத்தும் திரிந்த ஐம்பதுக்கு மேற்பட்ட குழந்தைகளை ஓரிடத்தில் வைத்திருத்தலே கட்டட உரிமையாளரின் நோக்கம். அம்மையார் அக்குழந்தைகளின் உயரத்துக்கேற்ற மேசையும் நாற்காலியும் செய்வித்து, முன்னைய பிள்ளைகளுக்கென்று ஆக்கிய கருவிகளைத் திருத்தி அவர்கள் கையிற் கொடுத்தார். மூன்று வயதுச் சிறுமி ஒருத்தி, மரவுருளைகளை அவற்றிற்குரிய குழிகளிற் பொருத்தும் வேலையை நாற்பதுக்கு மேற்பட்ட தடவை இடைவிடாது செய்ததை அவர் எண்ணிப் பார்த்தார். சுற்றிலும் பாட்டொலி எழுந்தும், அவளை நாற்காலியோடு தூக்கி வைத்தும் அவள் கவனம் சிதறவில்லை. வேலை முடிந்ததும் உறக்கம் தெளிந்தவள் போல் மகிழ்ந்து நோக்கினாள். குழந்தை சிதறிய மனத்தினது என்னும் பொதுக்கருத்து அன்றே அம்மையாரை விட்டு நீங்கிற்று.

1908 ஆம் ஆண்டு டிசெம்பர் 28 ஆம் நாள் மெசினா நகரம் நிலநடுக்கத்தாலும் கடற்கோளாலும் அழிந்தது. பல்லாயிரவர் மாண்டனர். இடிபாடுகளிடையே தனித்துக் கிடந்த அறுபதளவான குழந்தைகள் உரோமாபுரியிலுள்ள கன்னியாத்திரீ மடமொன்றிற்குக் கொண்டுவரப்பட்டனர். பெற்றார் யாரென்றோ தம் பெயர் யாதென்றோ கூறவியலாதவர் பலர். அவர்கள் பேசவில்லை, உண்ணவும் உறங்கவும் அவர்களைப் பழக்குதல் அரிதாயிற்று, இரவில் அலறி அழுதனர். உடலில் ஊறு இல்லை. உள்ளத்தில் ஊறு பட்டிருந்தது. அம்மையாரின் முறை அங்கே கைக்கொள்ளப்பட்டது. அழகிய சிறு தளபாடங்கள், பூவேலை செய்த மேசை விரிப்புகள், தோட்ட வேலை, விருந்தினரை உபசரிக்கும் ஒழுங்கு, அமைதியான சொல் ஆகியவை ஒவ்வொரு நாளும் ஒரே முறையில் அவர்களைச் சூழ்ந்தன. துயரை மறக்குமாறு எவரும் அவர்களை வற்புறுத்தவில்லை. நாளடைவில் உறக்கம் திரும்பியது, உணவு சென்றது, பின்னர்ச் சிரிப்பும் எழுந்தது.

பிற்காலத்தில், 1917 ஆம் ஆண்டில், உலகப் போரினால் உளம் நைந்த குழந்தைகளுக்கு உதவ வெண்சிலுவை என்னும் சங்கம் ஒன்றினை அமைத்தற்கு அவர் திட்டம் வகுத்தமைக்கு இவ்வனுபவமே அடிப்படை எனலாம். செஞ்சிலுவைச் சங்கம் உடற்காயத்துக்கு மருந்திடுவது போல, மனக்காயத்துக்கு மருந்திடப் பயிற்சி பெற்ற ஆசிரியர் வேண்டும் என்பது அவர் கருத்து. அத்திட்டம் அவர் விரும்பியவாறு நிறைவேறவில்லை.

இவ்விடத்து என் பிழை ஒன்றினை ஒப்புக்கொள்ளுதல் முறை. 1990 ஆம் ஆண்டு ஒக்டோபர் மாதத்தில் வடமாகாணத்து முஸ்லிம் மக்கள் தம் ஊர்களினின்றும் வெளியேற்றப்பட்டு, அவருட் பெருந்தொகையினர் புத்தளம் மாவட்டத்திற் புகலடைந்தனர். அதனையடுத்த ஆண்டுகளில் ஆசிரியத் தொழிலைத் தொடங்கிய இளைஞன் யான். என் வகுப்பிற் சேர்ந்த அகதிச் சிறுவன் ஒருவன் வினாவிற்கு விடை கூறான். கதவு படீரென்று சாத்தினால் வாங்கின் கீழ் ஒளிந்துகொள்வான். அதனைக் குறும்பென்று எண்ணினேன். முழந்தாளிட வைத்தேன், பிரம்பும் எடுத்தேன். சில மாதங்களில் அவன் பாடசாலைக்கு வருவதை நிறுத்திவிட்டான். மெசினாக் குழந்தைகளின் வரலாற்றை யான் வாசித்தது பல ஆண்டுகளின் பின்னரே. வாசித்த அன்று அச்சிறுவனின் முகமே என் கண்முன் நின்றது. அப்பத் துணுக்குக்கு ஊர்ந்த குழந்தைகளைக் கண்டு அருவருத்த காவற்காரியின் இடத்தில் அன்று நின்றவன் யானே.

குழந்தையின் பிடிவாதம், பொய், அச்சம், பொருள்களை உடைத்தல், ஒருவரையே பற்றிக்கொண்டு விடாதிருத்தல் முதலியவற்றை அம்மையார் தீக்குணங்களாகக் கொண்டாரல்லர். இயல்பான வளர்ச்சி தடையுண்டபோது நேர்ந்த திரிபுகளாகவே கொண்டார். நீரோட்டம் தடுக்கப்படின் அது பக்கவாட்டிற் பாய்ந்து கரையை அரிக்கும். கரையை அரித்ததற்காக நீரைத் தண்டிப்பார் இல்லை. இக்கருத்தினை 1936 ஆம் ஆண்டளவில் வெளிவந்த தம் நூலில் அவர் விரித்துரைத்தார்.

கீழைநாட்டு வாழ்வு

அம்மையாரின் புகழ் உலகெங்கும் பரவியது. முசோலினியின் ஆட்சி முதலில் அவரைப் போற்றிப் பின்னர்த் தன் கைக்கருவியாக்க முயன்றது. அவர் இணங்காமையால் 1934 ஆம் ஆண்டளவில் இத்தாலியில் அவர் பாடசாலைகள் மூடப்பட்டன. ஸ்பானியாவில் வாழ்ந்தார், 1936 ஆம் ஆண்டில் உள்நாட்டுப் போர் மூளவே ஒல்லாந்து சென்றார். தம் அறுபத்தொன்பதாம் வயதில், 1939 ஆம் ஆண்டு நவம்பர் மாதத்தில், பிரம்மஞான சபைத் தலைவர் அருண்டேல் அவர்களின் அழைப்பினை ஏற்று, மகன் மாரியோவுடன் சென்னை அடையாற்றை அடைந்தார். அருண்டேலின் துணைவியாரே கலாசேத்திரத்தை நிறுவிய ருக்மிணி தேவியார். முந்நூற்றுக்கு மேற்பட்ட மாணாக்கர் முதற் பயிற்சி வகுப்பிற் கூடினர். அம்மையார் இத்தாலிய மொழியிற் பேச, மாரியோ ஆங்கிலத்தில் மொழிபெயர்த்தார்.

1940 ஆம் ஆண்டு ஜூன் மாதத்தில் இத்தாலி போரிற் குதித்தது. இந்தியாவை ஆண்ட பிரித்தானியர்க்கு அவ்விருவரும் பகைநாட்டினராயினர். மாரியோ சிறைமுகாமில் அடைக்கப்பட்டார். அம்மையார் அடையாற்று எல்லையைக் கடவாதிருக்கப் பணிக்கப்பட்டார். மகனை மீண்டும் ஒருமுறை பிரிந்த அத்தாய்க்கு, எழுபதாவது பிறந்த நாளாகிய ஆகஸ்டு 31 அன்று, இராசப்பிரதிநிதியிடமிருந்து செய்தி வந்தது. பிறந்தநாட் பரிசிலாக மாரியோ விடுவிக்கப்படுவார் என்பதே அச்செய்தி. பின்னர் 1942 முதல் 1944 வரை கொடைக்கானல் மலையில் இருவரும் வாழ்ந்து, குழந்தைகளோடும் மாணாக்கரோடும் பணி தொடர்ந்தனர். 1944 ஆம் ஆண்டில் அம்மையார் நம் இலங்கைக்கும் எழுந்தருளி, ஆசிரியர்க்குப் பயிற்சி வகுப்பு நடத்தினார். ஆகவே, மொண்டிசோரி என்னும் பெயர் எங்கோ அயல்நாட்டிலிருந்து நூல்வழி மாத்திரம் வந்ததன்று. அவர் திருவடி பட்ட மண் இது.

போர் முடிந்த பின் 1946 இல் ஐரோப்பா சென்று, 1947 இல் மீண்டும் இந்தியா வந்து, 1949 இல் இறுதியாக விடைபெற்றார். 1949, 1950, 1951 ஆகிய மூன்று ஆண்டுகளிலும் நோபல் சமாதானப் பரிசுக்கு அவர் பெயர் முன்மொழியப்பட்டது. 1952 ஆம் ஆண்டு மே மாதம் 6 ஆம் நாள், ஒல்லாந்தின் நூர்ட்வைக் என்னும் கடற்கரை ஊரில், எண்பத்தோராம் வயதில் அம்மையார் மறைந்தார். அவ்வூர் மண்ணிலேயே அவருடல் அடக்கம் செய்யப்பட்டது.

நாம் செய்யத்தக்கது

அம்மையார் மறைந்த பின்னர் அறிவியல் நெடுந்தூரம் சென்றுவிட்டது. ஓட்டிசம் என வழங்கும் வளர்ச்சி வேறுபாடு 1943, 1944 ஆம் ஆண்டுகளிலேதான் மருத்துவ ஏடுகளில் தெளிவாக விவரிக்கப்பட்டது. கவனம் நிலையாமை, மிகை இயக்கம், கடும் அச்சம், மனச்சோர்வு, பேரிடரின் பின் தோன்றும் உளத்தாக்கம் ஆகியவை தனித்தனியே ஆராயப்பட்டு, ஒவ்வொன்றிற்கும் ஏற்ற உதவிமுறைகள் வகுக்கப்பட்டுள்ளன. கருவிகளைக் கையிற் கொடுத்தால் எல்லாக் குறைபாடும் நீங்கிவிடும் என்று எண்ணுதல் தவறு. சில பிள்ளைகளுக்கு மருத்துவ உதவி இன்றியமையாதது. சிலர்க்கு உதவி வாழ்நாள் முழுதும் வேண்டும். தாய் செய்த பிழையென்றும் முன்வினைப் பயனென்றும் கூறுதல் அறிவுக்கும் அறத்துக்கும் ஒவ்வாது.

ஆயினும் முதலில் காண்பவர் மருத்துவர் அல்லர், தாயும் ஆசிரியருமே. பேசாத பிள்ளைக்கு முதலிற் செவிப்புலனைச் சோதிப்பித்தல், அப்பிள்ளையை எது அமைதிப்படுத்துகின்றது, எது கலங்கச் செய்கின்றது என்று நாள்தோறும் குறித்து வைத்தல், பெரிய வேலையைச் சிறு படிகளாகப் பகுத்துக் கொடுத்தல், ஒரு நாளின் ஒழுங்கை மறுநாள் மாற்றாதிருத்தல், பிறர் முன் நாணச் செய்யாதிருத்தல் ஆகியவற்றிற்குப் பெருஞ்செல்வம் வேண்டுவதில்லை. அம்மையார் குறிப்பேடும் விழிப்பான கண்ணும் கொண்டே தொடங்கினார். பெரிய ஆஸ்பத்திரிகளில் உளமருத்துவப் பிரிவுகள் உள்ளன. அரசினர் பாடசாலைகள் சிலவற்றில் விசேட கல்வி அலகுகள் உள்ளன. அவற்றிற்கு வழிகாட்டுதல் ஆசிரியர் கடன். வழிகாட்டிவிட்டுத் தம் வகுப்பின் கதவை அடைத்துக்கொள்ளுதல் கடன் தீர்த்ததாகாது.

என் இல்லம் வந்த தாயாரின் மகன், செவிப்புலச் சோதனைக்கும் மருத்துவர் பார்வைக்கும் பின்னர், அயலூர்ப் பாலர் பாடசாலை ஒன்றிற் சேர்க்கப்பட்டான். அங்கேயுள்ள ஆசிரியை இளவயதினர்; பெரும் பட்டம் பெற்றவர் அல்லர். முதல் மாதம் அவனை எதனையும் செய்யச் சொல்லாது, ஒரு மூலையிற் பாய் விரித்து, அவன் விரும்பும் சிரட்டைகளை அளவின்படி அடுக்கக் கொடுத்திருந்தார். ஏனைய பிள்ளைகள் மெல்ல மெல்ல அப்பாயை நாடினர். அவன் இன்னும் பேசவில்லை. ஆயினும் சென்ற வாரம் யான் அங்குச் சென்றிருந்தபோது, அருகில் அமர்ந்த சிறுமிக்கு ஒரு சிரட்டையைத் தானாகவே எடுத்து நீட்டினான்.

அப்பாடசாலையின் பெயர்ப்பலகையில் மொண்டிசோரி என்னும் சொல் இல்லை. அதனை எழுதிக்கொள்ளும் உரிமை அதற்கு உண்டு என்பேன்.